மனநல இயலாமை மதிப்பீடு: அட்டை, வேலை, சொக்சோ, நீதிமன்றம் ஆகியவற்றுக்கான முழுமையான வழிகாட்டி

மலேசியாவின் பினாங்கில், பாயான் லெப்பாஸில் ஒரு தொழிற்சாலையின் மனிதவளப் பிரிவில் பல ஆண்டுகள் இருந்தேன். பிறகு என் தம்பிக்காக மருத்துவமனைக்கும் சமூகநல அலுவலகத்துக்கும் அலைந்தேன். இப்போது பிறை, பட்டர்வொர்த் பக்கத்துக் குடும்பங்களுக்கு விண்ணப்பப் பாரம் நிரப்பவும் கோப்பு சேர்க்கவும் உதவி வருகிறேன். இந்த மூன்று இடத்திலும் ஒரே தவறைத்தான் பார்த்தேன். நோயின் பெயர் எழுதிய ஒரு கடிதத்தை வைத்துக்கொண்டு எல்லாக் கதவையும் தட்டுகிறோம். கதவைத் திறப்பவரோ, இந்த நோயால் இவரால் எதைச் செய்ய முடியவில்லை, எவ்வளவு காலமாக முடியவில்லை, யாருடைய உதவியோடு முடிகிறது என்று கேட்கிறார். அதற்குப் பதில் நம் கையில் இருப்பதில்லை.

கீழே உள்ள படிகளின் வரிசையை மாற்ற வேண்டாம். பல விண்ணப்பங்கள் தோற்பதற்குக் காரணம் நோய் போதாமல் இருப்பதன்று. மூன்றாவதாகச் செய்ய வேண்டியதை முதலில் செய்துவிடுவதே. ஒன்றை மட்டும் எல்லாவற்றுக்கும் முன்னே சொல்ல வேண்டும். நோயாளி உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணத்தில் இருந்தால் மதிப்பீடு காத்திருக்கட்டும். 15555 என்ற ஹீல் உதவி எண்ணை அழையுங்கள், உடனடி ஆபத்தென்றால் 999ஐ அழையுங்கள்.

1. எந்தக் கேள்விக்குப் பதில் வேண்டும் என்று முடிவு செய்யுங்கள்

மனநல இயலாமையை ஒவ்வோர் அலுவலகமும் தனக்கென ஓர் அளவுகோல் வைத்து அளக்கிறது. ஓ.கே.யு. அட்டை (இயலாமை உள்ளோருக்கான அரசுப் பதிவு அட்டை) கேட்டு வருபவரிடம் சமூகநல இலாகா பார்ப்பது இது: கடுமையான மனநோயால் இவர் தம்மைத் தாமே பார்த்துக்கொள்வதிலோ பிறரோடு பழகுவதிலோ ஓரளவோ முழுமையாகவோ இயங்க முடியாமல் இருக்கிறாரா? மனச்சிதைவு, இருதுருவக் கோளாறு, கடும் மனச்சோர்வு போன்றவை இப்பிரிவில் வருகின்றன. ஆனால் நோயின் பெயர் பட்டியலில் இருப்பது மட்டும் அட்டை வாங்கித் தராது.

சொக்சோ என்ற ஊழியர் சமூகப் பாதுகாப்பு நிறுவனத்தின் இயலாமை ஓய்வூதியத்துக்கான அளவுகோல் முற்றிலும் வேறு. 1969ஆம் ஆண்டுச் சட்டப்படி, நோய் நிரந்தரமானதாகவும் குணமாக வாய்ப்பில்லாததாகவும் இருக்க வேண்டும். அதனால் அவர், நலமாக உள்ள ஒரு சந்தாதாரர் வழக்கமாக ஈட்டும் சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்கைக்கூட ஈட்ட முடியாத நிலையில் இருக்க வேண்டும். ஊழியர் சேமநிதியின் இயலாமைப் பணமீட்பு, வேலை செய்யவே இயலாது என்ற மருத்துவச் சான்றை எதிர்பார்க்கிறது. முதலாளி அறிய வேண்டியது இவருக்கு எந்தப் பணி முடியும், எந்த மாற்றம் தேவை என்பதை. உயர்நீதிமன்றம் அறிய வேண்டியது இவரால் தம் சொத்தையும் நலனையும் நிர்வகிக்க முடியுமா என்பதை.

இவற்றில் உங்களுக்குத் தேவையானது எது என்பதை ஒரு தாளில் ஒரே வாக்கியமாக எழுதுங்கள். மருத்துவரிடம் அந்தத் தாளோடு போனால், அவர் அந்தக் கேள்விக்கு விடை எழுதுவார். "ஒரு லெட்டர் வேண்டும் டாக்டர்" என்று மட்டும் கேட்டால், நோயின் பெயரும் சிகிச்சை தொடங்கிய தேதியும் உள்ள நான்கு வரிக் கடிதம் கிடைக்கும். அதை ஐந்து நகல் எடுத்து ஐந்து இடத்தில் கொடுத்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். ஓரிடத்திலும் அது போதவில்லை.

2. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

முதல் தேவை காலம். ஓ.கே.யு. பதிவின் மனநலப் பிரிவில், குறைந்தது 2 ஆண்டுகள் மனநலச் சிகிச்சை பெற்றவரையே கருத்தில் கொள்கிறார்கள். குடும்பங்களுக்கு இது கொடுமையாகத் தெரிகிறது. ஆனாலும் இதற்குக் காரணம் உண்டு. முதல் தாக்குதலுக்குப் பிறகு மருந்தால் நன்றாகத் தேறி வேலைக்குத் திரும்புகிறவர்கள் பலர். சிகிச்சைக்கு உரிய வாய்ப்பைக் கொடுத்த பிறகும் எது மிஞ்சி நிற்கிறதோ அதைத்தான் நீண்டகால இயலாமை என்று அளக்க முடியும். 2008ஆம் ஆண்டு உடற்பேறு குறைந்தோர் சட்டமும் தன் வரையறையில் நீண்டகாலக் குறைபாடு என்றே சொல்கிறது.

இங்கே நம் குடும்பங்களில் ஒரு சிக்கல் எழுகிறது. முதல் ஓராண்டு, ஈராண்டு கோயிலுக்கும் மந்திரிப்பவரிடமும் போயிருப்போம். அந்தக் காலம் சிகிச்சைக் கணக்கில் சேராது. ஆனாலும் அதை மறைக்கக் கூடாது. நோய் தொடங்கிய தேதியும் சிகிச்சை தொடங்கிய தேதியும் வெவ்வேறு. இரண்டும் அறிக்கையில் இருக்க வேண்டும். வெட்கப்பட்டு மறைத்தால், 2019இல் படிப்பை விட்டவருக்கு 2021இல்தான் நோய் வந்தது என்று பதிவாகிவிடும். இடையில் இரண்டு ஆண்டு ஏன் சும்மா இருந்தார் என்ற கேள்விக்குப் பிறகு விடை இராது.

காகிதங்களைத் தேதி வரிசையில் ஒரே கோப்பில் அடுக்குங்கள்: மருத்துவமனைச் சந்திப்பு அட்டைகள் பழையது உட்பட, வார்டில் இருந்து வெளியேறியபோது தந்த சுருக்கம், மருந்துச் சீட்டுகள், எம்.சி. (மருத்துவ விடுப்புச் சான்று) நகல்கள், மைகார்டு (அடையாள அட்டை) நகல், கடவுச்சீட்டு அளவுப் படம். வேலையில் இருப்பவர் பணி நியமனக் கடிதத்தையும், பணி விவரத்தையும், சொக்சோ சந்தா விவரத்தையும் சேர்க்க வேண்டும். பணி விவரம் எதற்கு என்று பலர் கேட்கிறார்கள். உற்பத்தி வரிசையில் நிற்பவர் என்றால் என்னவென்று மருத்துவருக்குத் தெரிந்திருக்கத் தேவையில்லை. 12 மணி நேர சிப்ட், இரண்டு வாரம் பகல், இரண்டு வாரம் இரவு என்று எழுதிக் காட்டினால்தான் அந்த வேலையோடு நோயை ஒப்பிட்டு அவர் எழுத முடியும்.

3. யாரிடம் போவது

வீட்டருகே உள்ள அரசுச் சுகாதாரக் கிளினிக்கில் தொடங்குங்கள். குடிமக்களுக்கு அங்கே 1 ரிங்கிட், பரிந்துரைக் கடிதத்தோடு அரசு மருத்துவமனையின் சிறப்பு மருத்துவப் பிரிவுக்குப் போனால் 5 ரிங்கிட். பினாங்கில் உள்ளவர்கள் பொதுவாகப் பினாங்கு மருத்துவமனைக்கும், தலைநகரில் உள்ளவர்கள் கோலாலம்பூர் மருத்துவமனைக்கும் போகிறார்கள். மலாயாப் பல்கலைக்கழக மருத்துவ மையத்திலும் செராஸில் உள்ள துவாங்கு முஹ்ரிஸ் மருத்துவமனையிலும் மனநலப் பிரிவு உண்டு. தனியார் மனநல மருத்துவரிடம் போனால், அவர் பெயர் தேசிய நிபுணர் பதிவேட்டில் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

இயலாமையைச் சான்றளிக்க வேண்டியவர் மனநல நிபுணர். பேனல் கிளினிக் (கம்பெனி நியமித்த கிளினிக்) டாக்டர் எம்.சி. தரலாம், பரிந்துரைக்கலாம்; நீண்டகால இயலாமை பற்றி அவர் எழுதும் கடிதத்துக்குப் பெரிய எடை இல்லை. மருத்துவ உளவியலாளர் நினைவாற்றல், கவனம், அறிவுத்திறன் ஆகியவற்றைச் சோதித்துத் தரும் அறிக்கை, மருத்துவரின் கருத்துக்கு நல்ல துணை. பதிவு பெற்ற ஆலோசகரின் கடிதமும் துணைச் சான்றாகும். துணைச் சான்றை முதன்மைச் சான்றாக நீட்டுவதே தவறு.

இன்னொரு தவறும் இந்தப் படியில்தான் நடக்கிறது. இணையத்தில் தாஸ்-21 வினாப்பட்டியலை நிரப்பி, 'மிகக் கடுமை' என்று வந்த மதிப்பெண்ணை அச்சிட்டு மனிதவளப் பிரிவில் கொடுக்கிறார்கள். அது கடந்த ஒரு வாரத்தைப் பற்றி மட்டுமே கேட்கும் பட்டியல். கிளினிக்கில் தரும் பிஎச்கியூ-9 கடந்த இரண்டு வாரத்தைக் கேட்கிறது. ஒரு வாரத்து அளவையால் இரண்டு ஆண்டு இயலாமையை நிறுவ முடியாது. இவை டாக்டரிடம் போக வேண்டுமா என்பதைக் கண்டறியும் சல்லடை. அதற்கு மேல் இவற்றிடம் எதிர்பார்க்க வேண்டாம்.

வழக்குக்கான அறிக்கை என்றால், வழக்கமாகச் சிகிச்சை தரும் மருத்துவரையே கேட்பதா, வேறொரு நிபுணரை நாடுவதா என்று வழக்கறிஞரோடு பேசி முடிவெடுங்கள். சிகிச்சை தருபவர் நோயாளியின் பக்கம் நிற்பவர். நீதிமன்றத்தில் சாட்சி சொல்பவர் நீதிமன்றத்துக்குக் கடமைப்பட்டவர். ஒருவரே இரண்டையும் செய்தால், சிகிச்சையில் உள்ள நம்பிக்கை குலையக்கூடும்.

4. முப்பது நாள் குறிப்பேடு

எல்லாப் படிகளிலும் அதிகப் பயன் தருவது இது. எல்லாரும் தவிர்ப்பதும் இதுவே. சந்திப்பு நாளுக்கு முன் முப்பது நாட்களுக்கு ஒரு நோட்டுப் புத்தகம் போடுங்கள். ஏன் முப்பது என்றால், உலகச் சுகாதார நிறுவனத்தின் ஹூடாஸ் 2.0 என்ற இயலாமை அளவை கடந்த 30 நாட்களைப் பற்றியே கேட்கிறது. அதன் முழு வடிவில் 36 வினாக்கள், ஆறு பகுதிகள்: புரிந்துகொள்ளுதலும் பேசுதலும், நடமாட்டம், தன்னைப் பேணுதல், பிறரோடு பழகுதல், வீடு-வேலை-படிப்பு, சமூகத்தில் பங்கேற்பு. உங்கள் மருத்துவர் வேறோர் அளவையைப் பயன்படுத்தினாலும் இந்த ஆறு பகுதிகளை ஒட்டி எழுதிய குறிப்பு அவருக்கு உதவும்.

எப்படி எழுதுவது என்பதில்தான் வேறுபாடு உள்ளது. "தம்பி சரியாகக் குளிப்பதில்லை, மந்தமாக இருக்கிறான்" என்று எழுதினால் அது நம் அலுப்பு. அதை வைத்து எதையும் அளக்க முடியாது. நான் என் தம்பிக்காக எழுதிய ஒரு பக்கம் இப்படி இருந்தது:

"மார்ச் 3. காலை 9க்கும் 10க்கும் 11க்கும் குளிக்கச் சொன்னேன். 11.20க்குக் குளியலறைக்குள் போனான். தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது. நாற்பது நிமிடம் கழித்துக் கதவைத் தட்டினேன். சட்டையோடு வாளி அருகே நின்றுகொண்டிருந்தான். தலையில் ஊற்றிவிட்டேன். மாலையில் கடைக்கு முட்டை வாங்க அனுப்பினேன். கடை வாசல் வரை போய்த் திரும்பிவிட்டான். உள்ளே இருப்பவர்கள் தன்னைப் பற்றிப் பேசுவதாகச் சொன்னான்."

இதில் நோயின் பெயர் இல்லை. நேரம் இருக்கிறது, எத்தனை முறை என்பது இருக்கிறது, முடிவில் வேலையைச் செய்து முடித்தது யார் என்பது இருக்கிறது. கடைசியாகச் சொன்னதுதான் நம் வீடுகளில் காணாமல் போகும் தகவல். துணியை எடுத்து வைப்பது அம்மா, மாத்திரையைக் கையில் கொடுத்து விழுங்கும் வரை நிற்பது அம்மா, சாப்பிடக் கூப்பிடுவது அம்மா. வெளியிலிருந்து பார்ப்பவருக்கு அவன் குளித்து, உடுத்தி, சாப்பிட்டு, மருந்தும் எடுக்கும் ஆள். அம்மாவின் கையை அந்தக் காட்சியிலிருந்து எடுத்துவிட்டுப் பார்த்தால் என்ன மிஞ்சும் என்பதே இயலாமையின் அளவு. ஆகவே ஒவ்வொரு செயலுக்கும் பக்கத்தில், தானாகச் செய்தாரா, சொல்லச் சொல்லச் செய்தாரா, பிறர் செய்து கொடுத்தாரா என்று ஒரு குறி போடுங்கள்.

நல்ல நாட்களையும் எழுதுங்கள். முப்பது நாளும் இருட்டாக எழுதப்பட்ட குறிப்பேட்டை எந்த மருத்துவரும் நம்ப மாட்டார். தைப்பூசத்தன்று தண்ணீர்மலை வரை நடந்து வந்தான் என்றால் அதையும் எழுதுங்கள். அடுத்த நான்கு நாள் அறையை விட்டு வெளியே வரவில்லை என்றால் அதையும் சேர்த்து எழுதுங்கள்.

வேலையில் இருப்பவர் தம் குறிப்பைத் தாமே எழுதலாம். எந்தப் பணியில், எந்த நேரத்தில், என்ன தவறியது என்பது போதும். ஒரு பெண் இப்படி எழுதி வந்தார்: இரவு 10 மணிக்கு மருந்து, காலை 5.40க்குக் கம்பெனி பஸ், பஸ்ஸைத் தவறவிட்ட நாட்கள் முப்பதில் ஒன்பது, பிற்பகலில் செய்த பதிவுகளில் தவறு இல்லை. அவருடைய சிக்கல் வேலைத் திறனில் இல்லை, தொடங்கும் நேரத்தில் இருந்தது என்பதை அந்த நான்கு வரியே காட்டிவிட்டது.

5. மதிப்பீட்டு நாளன்று

அன்று காலை அம்மா நல்ல சட்டையைத் தேய்த்துப் போட்டு, தலை வாரி, நெற்றியில் திருநீறு வைத்து மகனை அழைத்து வருவார். மருத்துவர் கேள்வியை மகனிடம் கேட்பார். அம்மா பதில் சொல்வார். "நல்லாத்தான் இருக்கான் டாக்டர், முன்னுக்கு இப்போ எவ்வளவோ பரவாயில்ல." அந்தப் பதிலில் அன்பு இருக்கிறது, மானம் இருக்கிறது, டாக்டரைக் குறைசொல்லக் கூடாது என்ற மரியாதையும் இருக்கிறது. மருத்துவர் அதை அப்படியே பதிவு செய்கிறார்: குடும்பத்தினர் கூற்றுப்படி நிலை மேம்பட்டுள்ளது. பிறகு ஓ.கே.யு. பாரத்தை நீட்டும்போது அதே கோப்பைத்தான் அவர் புரட்டிப் பார்க்கிறார்.

ஆகவே அன்றும் வழக்கமான நாளில் எப்படி இருப்பாரோ அப்படியே வரட்டும். உடன் போகிறவர் நோயாளியின் தினசரி வாழ்க்கையைப் பார்ப்பவராக இருக்க வேண்டும். பேச்சுத் திறமை உள்ள மாமாவை அனுப்ப வேண்டாம். நோயாளியைத் தனியே பேச விடுங்கள். பிறகு நீங்கள் சில நிமிடம் பேச அனுமதி கேட்டு, குறிப்பேட்டிலிருந்து மூன்று பக்கத்தை மட்டும் காட்டுங்கள். நேரம் குறைவாக உள்ள சிறப்புப் பிரிவில் முழு நோட்டையும் நீட்டினால் யாரும் படிக்க முடியாது.

மொழி பற்றிக் கட்டாயம் கேளுங்கள். மருத்துவர் மலாயிலோ ஆங்கிலத்திலோ பேசும்போது, புரியாதவர்கள் எல்லாக் கேள்விக்கும் "ஓகே" என்கிறார்கள். காதில் குரல் கேட்கிறதா என்ற கேள்விக்கு, காது நன்றாகக் கேட்கிறது என்று பதில் சொன்ன ஒருவரை எனக்குத் தெரியும். தமிழ் தெரிந்த தாதியோ மருத்துவ அதிகாரியோ உடனிருக்க முடியுமா என்று சந்திப்புத் தேதி வாங்கும்போதே கேட்டுவிடுங்கள்.

தற்கொலை முயற்சி நடந்திருந்தால் அதைச் சொல்லுங்கள். போலீஸ் வழக்காகிவிடும் என்று பயந்து இன்னும் பலர் மறைக்கிறார்கள். அம்முயற்சியைக் குற்றமாக்கிய தண்டனைச் சட்டத்தின் 309ஆம் பிரிவு 2023இல் நீக்கப்பட்டுவிட்டது. மதுவோ போதைப் பொருளோ இருந்தால் அதையும் சொல்லுங்கள். பின்னால் தெரியவரும்போது மற்ற உண்மைகளின் மீதும் சந்தேகம் விழும். மிகைப்படுத்தவும் வேண்டாம். சொல்லிக்கொடுத்துக் கூட்டி வந்த பதில்களை அனுபவமுள்ள மனநல மருத்துவர் எளிதில் கண்டுகொள்வார். உண்மையான நோயாளி நடிப்பவர் என்று பதிவாவதைவிடப் பெரிய இழப்பு வேறில்லை.

6. அறிக்கையில் என்ன இருக்க வேண்டும்

கையில் வந்த அறிக்கையைக் கவுன்டரை விட்டு நகரும் முன் படியுங்கள். பெயர், மைகார்டு எண், தேதிகள் சரியா என்று பாருங்கள். பிறகு ஐந்து செய்திகள் இருக்கின்றனவா என்று தேடுங்கள். நோய் என்ன, எப்போது தொடங்கியது. என்ன சிகிச்சை, எவ்வளவு காலம், ஒழுங்காக எடுத்தாரா. இப்போது எந்தெந்தச் செயல் எந்த அளவுக்கு முடியவில்லை. அந்த முடியாமை இந்த நோயால்தான் என்று எதை வைத்துச் சொல்கிறார். இனி எவ்வளவு காலம் நீடிக்கும் என எதிர்பார்க்கிறார்.

நான்காவது செய்திதான் பெரும்பாலும் விடுபடுகிறது. 1950ஆம் ஆண்டுச் சான்றுச் சட்டத்தின் 45ஆம் பிரிவு நிபுணர் கருத்தை ஏற்கிறது. ஆனால் காரணம் சொல்லாத கருத்து குறுக்கு விசாரணையில் நிற்காது. "இவரால் வேலை செய்ய முடியாது" என்பது முடிவு மட்டுமே. "சந்தேக எண்ணங்களால் சக ஊழியர்களோடு ஓர் அறையில் பத்து நிமிடத்துக்கு மேல் இருக்க முடிவதில்லை, ஈராண்டில் மூன்று மருந்துகளை மாற்றியும் இது குறையவில்லை, ஆகவே..." என்று வருவது காரணத்தோடு கூடிய கருத்து. மருத்துவரிடம் இன்ன முடிவை எழுதுங்கள் என்று கேட்கக் கூடாது. இந்த முடிவுக்குக் காரணத்தையும் சேர்த்து எழுத முடியுமா என்று பணிவாகக் கேட்கலாம், பெரும்பாலோர் செய்கிறார்கள்.

முரண்படும் அறிக்கைகளிலும் கவனம் வேண்டும். சொக்சோவிடம் நிரந்தரமாக ஈட்ட முடியாதவர் என்றும், அதே மாதத்தில் முதலாளியிடம் சிறு மாற்றம் செய்தால் முழு நேரமும் வேலை செய்ய முடியும் என்றும் கடிதம் கொடுத்தால் இரண்டும் பாழாகும். வேலையைக் காப்பாற்ற முடியும் என்றால் அந்த வழியை முதலில் முயல்வதே நல்லது என்பது என் கருத்து. வேலை என்பது சம்பளம் மட்டுமன்று. காலையில் எழுவதற்கு ஒரு காரணம்.

7. ஓ.கே.யு. அட்டை

மருத்துவப் பகுதியை நிபுணர் நிரப்பி உறுதி செய்த பாரத்தை மாவட்டச் சமூகநல அலுவலகத்தில் கொடுக்கலாம், அல்லது எஸ்மோகு இணையப் பதிவு வழியாக அனுப்பலாம். பதிவு கட்டாயமன்று, விருப்பத்தின் பேரில் செய்வது. அட்டை வந்தபின் அரசு மருத்துவமனைக் கட்டண விலக்கும், சில உதவித்தொகைகளுக்கு விண்ணப்பிக்கும் வாய்ப்பும் உண்டு. வருமான வரி கட்டுபவருக்கு 2025 மதிப்பீட்டு ஆண்டிலிருந்து 7,000 ரிங்கிட் கூடுதல் விலக்கும் கிடைக்கிறது.

"பைத்தியம் என்று முத்திரை குத்திவிடுவார்களே, சொத்தில் கையெழுத்துப் போட முடியாதே" என்று அட்டை வேண்டாம் என்பவர்கள் உண்டு. அட்டை யாரையும் சட்டப்படி தகுதியற்றவராக ஆக்குவதில்லை. அதற்கு நீதிமன்ற ஆணை வேண்டும்; அது பத்தாம் படியில் வருகிறது.

8. வேலையிடத்தில்

முதலாளிக்குத் தர வேண்டியது செயல்பாட்டுக் கடிதம். நோயின் பெயரை எழுதாமலே அதைக் கேட்டு வாங்கலாம்: இன்ன பணிகள் முடியும், இரவு சிப்ட் மருந்தோடு ஒத்துவராது, இன்ன நாட்களில் சந்திப்பு உண்டு, ஆறு மாதத்தில் மறுமதிப்பீடு. மனநலத் தகவல் 2010ஆம் ஆண்டு தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டத்தில் உணர்திறன் மிக்க தரவு. அதைக் கையாள உங்கள் வெளிப்படையான சம்மதம் வேண்டும். கடிதத்தை மேற்பார்வையாளர் கையில் கொடுக்காமல் மனிதவளப் பிரிவில் மூடிய உறையில் கொடுத்து, பெற்றுக்கொண்ட கையெழுத்தை நகலில் வாங்குங்கள். உணவு இடைவேளைக்குள் வரிசை முழுவதும் செய்தி பரவியதை நான் மேசைக்கு அந்தப் பக்கத்திலிருந்து பார்த்தவள்.

நேர மாற்றம் வேண்டுமென்றால், வேலைவாய்ப்புச் சட்டத்தின் 60பி (60P) பிரிவின்படி நெகிழ்வுப் பணி ஏற்பாட்டுக்கு எழுத்தில் விண்ணப்பியுங்கள். முதலாளி 60 நாட்களுக்குள் எழுத்தில் பதில் தர வேண்டும். மறுத்தால் காரணம் சொல்ல வேண்டும். வாய்மொழியாகக் கேட்டால் இந்த 60 நாள் ஓடத் தொடங்குவதே இல்லை.

மருத்துவ விடுப்பைக் கணக்குப் போட்டுப் பாருங்கள். இரண்டு ஆண்டுக்குக் குறைவான சேவைக்கு ஆண்டுக்கு 14 நாள், இரண்டு முதல் ஐந்து ஆண்டுக்குள் 18, அதற்கு மேல் 22. மருத்துவமனையில் தங்குவதற்கு 60 நாள் தனி. மனச்சிதைவுக்குத் தரும் க்ளோசபின் மருந்து தொடங்கியவருக்கு முதல் 18 வாரம் வாரந்தோறும் இரத்தப் பரிசோதனை தேவை. புதிய ஊழியரின் 14 நாளும் அதிலேயே தீர்ந்துவிடும். பரிசோதனைக்குக் காலை இரண்டு மணி நேர அனுமதி போதும் என்று கடிதத்தில் எழுதி வாங்கினால் 14 நாளும் மிஞ்சும். இப்படிப்பட்ட சின்னச் சின்ன ஏற்பாடுகளால்தான் பலருடைய வேலை நிலைத்திருக்கிறது.

ராஜினாமாக் கடிதத்தில் அவசரப்பட்டுக் கையெழுத்திடாதீர்கள். என் தம்பி நோய் முற்றிய வாரத்தில் அவன் வேலை செய்த இடத்தில் கூப்பிட்டு, "நீயே எழுதிக் கொடுத்துட்டா பேரு கெடாது" என்றார்கள். அச்சடித்து வைத்திருந்த தாளில் அவன் கையெழுத்துப் போட்டான். நாங்கள் அறிந்தது மூன்று மாதம் கழித்து. நியாயமற்ற பணிநீக்கம் பற்றித் தொழிலியல் உறவுத் துறையிடம் 60 நாட்களுக்குள் முறையிட வேண்டும். வற்புறுத்தி வாங்கிய ராஜினாமாவையும் பணிநீக்கமாகக் கருத இடமுண்டு. எங்களுக்கு அந்த நாட்கள் கடந்துவிட்டிருந்தன. வேலையில் பாகுபாடு நடந்தால், 2023 ஜனவரி 1 முதல் நடைமுறையில் உள்ள வேலைவாய்ப்புச் சட்டத்தின் 69எஃப் பிரிவின்கீழ் தொழிலாளர் துறைத் தலைமை இயக்குநர் விசாரிக்கலாம். உடற்பேறு குறைந்தோர் சட்டத்தின் 29ஆம் பிரிவு வேலைக்கான உரிமையைச் சொல்கிறது; ஆனால் அச்சட்டத்தில் மீறுவோருக்குத் தண்டனை இல்லை. அதை மட்டும் நம்பிப் போராடினால் முதலாளிகள் அசைவதில்லை.

வேலையை இழந்தவருக்கு மெந்தாரி சமூக மனநல மையங்களில் ஆதரவு வேலைத் திட்டம் உண்டு. வேலை தேடித் தருவதோடு, சேர்ந்த பின்னும் துணை நிற்கிறார்கள்.

9. சொக்சோவும் சேமநிதியும்

இங்கே தாமதம்தான் பெரிய எதிரி. இயலாமை ஓய்வூதியத்துக்கு 60 வயது நிறைவடையாதிருக்க வேண்டும். முழு ஓய்வூதியத் தகுதிக்கான ஒரு வழி, இயலாமை அறிவிப்புக் கொடுக்கும் மாதத்துக்கு முந்தைய 40 மாதங்களில் 24 மாதச் சந்தா இருப்பது. எண்ணிப் பாருங்கள். வேலையை விட்டு 16 மாதம் தாண்டினால், அதற்கு முன் ஒரு மாதமும் விடாமல் கட்டியவருக்கும் 40க்குள் 24 கிடைக்காது. சந்தாக் காலத்தின் விகிதத்தை வைத்துக் கணக்கிடும் வேறு வழிகள் இருந்தாலும் எல்லாருக்கும் பொருந்துவதில்லை. "கொஞ்சம் தேறட்டும், அப்புறம் பார்க்கலாம்" என்று இரண்டு ஆண்டு வீட்டில் வைத்திருக்கும் குடும்பங்கள் இழப்பது இதைத்தான்.

விண்ணப்பம் மருத்துவ வாரியத்தின் முன் போகும். தேறும் வாய்ப்பு உள்ளவர்களுக்குச் சொக்சோவே 2007 முதல் வேலைக்குத் திரும்பும் திட்டத்தை நடத்துகிறது. அதில் ஒதுக்கப்படும் கேஸ் மேனேஜரை எதிரியாகப் பார்க்க வேண்டாம். சேமநிதியிலிருந்து இயலாமைக் காரணத்தால் முழுத் தொகையையும் எடுக்கலாம் என்றாலும், எடுத்த பணம் திரும்பி வராது. சொக்சோ முடிவு தெரியும் வரை அதைத் தொடாமல் இருப்பதே நல்லது.

10. நீதிமன்றத்துக்கான மதிப்பீடு

எந்தச் செயலுக்கான தகுதி, எந்தத் தேதியில் என்ற இரண்டையும் குறிப்பிடாமல் அறிக்கை கேட்காதீர்கள். 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 12ஆம் பிரிவு, ஒப்பந்தம் செய்யும் அந்த நேரத்தில் அதைப் புரிந்துகொண்டு, தம் நலனுக்கு அது என்ன செய்யும் என்று பகுத்தறிந்து முடிவெடுக்க முடிந்ததா என்று மட்டுமே பார்க்கிறது. வழக்கமாக மனநலம் குன்றியவரும் தெளிந்த வேளையில் ஒப்பந்தம் செய்யலாம் என்று அதே பிரிவு சொல்கிறது. எனவே இன்றைய நிலையைச் சொல்லும் அறிக்கை, ஐந்து ஆண்டுக்கு முந்தைய வீட்டு விற்பனையைப் பற்றி எதையும் நிறுவாது. அன்றைய மருத்துவப் பதிவுகள்தாம் பேசும்.

சொத்தையோ நலனையோ தாமே பார்த்துக்கொள்ள இயலாதவருக்குப் பொறுப்பாளரை நியமிக்க, 2001ஆம் ஆண்டு மனநலச் சட்டத்தின் பத்தாம் பாகத்தின்கீழ் உயர்நீதிமன்றத்தை உறவினர் நாடலாம். அது ஒருவருடைய உரிமையை எடுத்து இன்னொருவர் கையில் கொடுக்கும் ஆணை. வங்கிக் கணக்கில் ஒரு கையெழுத்துக்காக மட்டும் அதைத் தொடங்குவதற்கு முன், வேறு எளிய வழி இருக்கிறதா என்று வழக்கறிஞரைக் கேளுங்கள்.

குற்ற வழக்கில் இரண்டு கேள்விகளைப் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். தண்டனைச் சட்டத்தின் 84ஆம் பிரிவு செயல் நடந்த நேரத்து மனநிலையைப் பார்க்கிறது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 342ஆம் பிரிவு, இப்போது தம்மைத் தற்காத்து வழக்கை எதிர்கொள்ள முடியுமா என்று பார்க்கிறது. அதற்காக மனநல மருத்துவமனையில் ஒரு மாதம் வரை கண்காணிப்பில் வைக்க உத்தரவிடலாம். வடமாநிலங்களில் இருப்பவர்களை உலு கிந்தா பகாகியா மருத்துவமனைக்கு அனுப்புவது வழக்கம். நாம் தஞ்சோங் ரம்புத்தான் என்று ஏளனமாகச் சொல்லிப் பழகிய இடம் அது. அங்கே நடப்பது மதிப்பீடு. குடும்பம் கோப்போடும் குறிப்பேட்டோடும் போய் மருத்துவரைப் பார்ப்பது வழக்குக்கு உதவும்.

11. மறுப்பு வந்தால்

காரணத்தை எழுத்தில் கேளுங்கள். பெரும்பாலும் சிகிச்சைக் காலம் போதவில்லை, செயல்பாட்டு விவரம் இல்லை, அறிக்கை பழையது என்ற மூன்றில் ஒன்றாகவே இருக்கும். முதலாவதற்குக் காத்திருக்க வேண்டும். மற்ற இரண்டையும் சரிசெய்து மீண்டும் கொடுக்கலாம். என் தம்பியின் முதல் விண்ணப்பம் செயல்பாட்டு விவரம் இல்லாமல் திரும்பியது. இரண்டாம் முறை, மார்ச் 3ஆம் தேதிப் பக்கத்தைப் படித்த மருத்துவர், "நினைவூட்டலும் நேரடி உதவியும் இன்றித் தன்னைப் பேண இயலாதவர்" என்று ஒரு வரி சேர்த்தார்.

சொக்சோ மருத்துவ வாரியத்தின் முடிவை எதிர்த்து மேல்முறையீட்டு மருத்துவ வாரியத்துக்குப் போக 90 நாள் அவகாசம் உண்டு. கடிதம் கைக்கு வந்த அன்றே அதன் மேல் மூலையில் தேதியை எழுதி, அஞ்சல் முத்திரை உள்ள உறையோடு சேர்த்துக் கோப்பில் வையுங்கள். உறையைக் குப்பையில் போட்டுவிட்டு, கடிதம் எப்போது வந்தது என்று கவுன்டரில் விழித்துக்கொண்டு நின்றவர்கள் பலர்.